முழங்காலுக்குக் கீழே ஒரு சிறுத்தை

"சிறுத்தையா? ஏண்டி, வரைஞ்சே ஆகணும்னா ஒரு பூ வரைஞ்சுக்கக் கூடாதா?" டாட்டூக் கடை சோபாவில், நீளமான பையை மடியில் அணைத்தபடி அம்மா புலம்பினாள்.

"நான் ஓடுறவம்மா. பூந்தொட்டி இல்லை." மகள் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தாள்.

மறுநாள் ஒரு பள்ளிக்கூடத்தில் ஓட்டப் பயிற்சியாளராக அவள் வேலையில் சேர வேண்டும். அரை டிராயரில்தான் போவேன் என்று ஒரு வாரமாக ஒற்றைக் காலில் நிற்கிறாள்.

"முதல் நாளே கால் தெரியப் போகணுமா? பசங்க கேலி பண்ணுவாங்கடி. பேன்ட் போட்டுக்கிட்டா யாருக்கும் ஒண்ணும் தெரியாது."

"தெரியணும்மா. நான் கேட்டுக்குள்ள நுழையும்போதே தெரியணும். இத்தனை வருஷம் பேன்டுக்குள்ள ஒளிச்சது போதும்."

டாட்டூக்காரர் கையுறை மாட்டிக்கொண்டார். முழங்காலிலிருந்து கணுக்கால் வரை பாய்ந்து இறங்கும் சிறுத்தை. காகிதத்தில் வரைந்து பார்த்தபோது அவருக்கே பிடித்துப்போயிருந்தது.

"நல்லா யோசிச்சுக்கங்க தங்கச்சி. வேணாம்னா கழட்டி வைக்கிற நகை இல்ல இது."

மகள் சிரிப்பை அடக்கிக்கொண்டாள்.

"சிரிக்காதீங்க. எலும்பு மேல ஊசி இறங்கினா உயிர் போயிடும். பயில்வானெல்லாம் இதே நாற்காலியில அழுதிருக்காங்க."

"எனக்கு வலிக்காதுண்ணா."

"எல்லாரும் ஆரம்பத்துல இப்படித்தான் சொல்வாங்க. சரி, பேன்டை மடிச்சு விடுங்க, முடியை வழிச்சுடறேன்." ரேசரை எடுத்தார்.

அவள் பேன்டை மடித்தாள். முழங்காலுக்குக் கீழே எதையோ அழுத்தினாள். 'க்ளிக்' என்றது. செயற்கைக் காலைக் கழற்றி அவர் கையில் கொடுத்தாள்.

"ரேசரும் ஊசியும் வேணாம்ணா, பெயின்ட்டும் பிரஷ்ஷும் போதும். சாயங்காலம் வந்து வாங்கிக்கறேன்."

டாட்டூக்காரர் வாய் பிளந்து நின்றார். பிறகு அந்தக் காலைத் திருப்பித் திருப்பி வெளிச்சத்தில் பார்த்தார். "தங்கச்சி, நாளைக்கு அந்தப் பசங்க எல்லாரும் இந்தக் கால்தான் வேணும்னு அடம்பிடிக்கப் போறாங்க!"

அம்மா மகளைப் பார்த்தாள். இப்படித் தலை நிமிர்ந்து அவள் உட்கார்ந்து பார்த்ததே இல்லை.

மெல்லப் பையின் ஜிப்பைத் திறந்து, வீட்டுக்குப் போக எடுத்து வந்திருந்த பழைய, தோல் நிறக் காலை வெளியே எடுத்தாள்.

"அந்தச் சிறுத்தை முடியற வரைக்கும் நாங்க இங்கேயே உட்கார்ந்திருக்கோம் தம்பி," என்றாள். "அப்படியே இதுல ஒரு பூ வரைஞ்சு குடுங்க."