கறுப்பாகத் தெரிந்த கடல்

"அந்தப் பழசைத் தூக்குங்க சார். இல்லேன்னா கேம்லேருந்து என் பேரைத் தூக்கிடுங்க!"

ஓவியர் மேனேஜரின் மேஜையை ஓங்கித் தட்டினாள். கேம் கம்பெனி மேஜை. வரிசையாக நின்ற பொம்மை வீரர்கள் கீழே விழுந்தார்கள். யாரும் பொறுக்கவில்லை.

அவள் கோபத்திலும் நியாயம் இருந்தது. புதிதாக வரப்போகும் கேமில் ஒரு கடல் வருகிறது. அலை, நுரை, வெயில் எல்லாம் அவள் கைவண்ணம். அதற்காக நல்லது கெட்டது எதற்கும் வீட்டுப் பக்கம்கூடப் போகாமல் கிடந்தவள்.

கேமும், கம்ப்யூட்டரில் படம் காட்டும் கிராபிக்ஸ் கார்டும் பேசிக்கொள்ள, டைரக்ட்எக்ஸ் என்று நடுவில் ஒன்று வேண்டும். அதன் பன்னிரண்டாம் வெர்ஷனில் அவளுடைய கடல் தகதகவென்று மின்னும். பழைய கம்ப்யூட்டர்களுக்குத் தெரிந்ததோ பதினொன்றுதான். அதில் ஓட்டினால் கடல் இருக்கவேண்டிய இடத்தில் தார் ஊற்றின மாதிரி ஒரே கறுப்பு.

அந்தப் பதினொன்றைக் கட்டிக்கொண்டு அழுதவர்தான் பக்கத்தில் நின்ற புரோகிராமர். ஆபீசில் அவருக்குப் பட்டப்பெயரே 'பழசு'. தூக்கச் சொன்னது வெர்ஷனையா, தன்னையா என்று அவருக்கே கொஞ்சம் சந்தேகம்.

"பழைய மிஷின்ல எத்தனை பேருங்க ஆடறாங்க?" மேனேஜர் கேட்டார்.

பழசு தலையைச் சொறிந்தார். "ட்ரையலுக்கு விட்டோம்ல சார்... கடல் கறுப்பா இருக்குன்னு ஒருத்தங்க எழுதியிருக்காங்க."

"ஒருத்தங்களா!" ஓவியர் சிரித்தேவிட்டாள். "ஒருத்தருக்காக என் கடலை அசிங்கப்படுத்தணுமா? நல்லதா ஒரு கம்ப்யூட்டர் வாங்கத் துப்பில்லாதவங்களுக்குக் கேம் எதுக்குங்க?"

பழசு ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவள் முகத்தைப் பார்த்ததும் மென்று முழுங்கிவிட்டார்.

"வெள்ளிக்கிழமை வரைக்கும் டைம் குடுங்க சார். சரியா வரலேன்னா நானே தூக்கிடறேன்."

"பிடிவாதத்தைப் பாருங்க!" என்று சொல்லிவிட்டு அவள் விறுவிறுவென்று வெளியே போனாள். அந்த வாரம் முழுக்க அவரோடு பேசவும் இல்லை.

வெள்ளிக்கிழமை எல்லாரும் மீட்டிங் அறையில் கூடினார்கள். மேனேஜர் விளக்கை அணைத்தார். சுவரளவு திரையில் கடல் வந்தது.

முதல் அலை புரண்டு வந்த வேகத்தில் முன்வரிசையில் ஒருவர் காலைத் தூக்கி நாற்காலிமேல் வைத்துக்கொண்டார். சிரிக்கத் தொடங்கியவர்கள்கூடப் பாதியில் நிறுத்திவிட்டார்கள். வெயில் தண்ணீரின்மேல் உடைந்து உடைந்து விழுந்தது. அடியில் கிடந்த கூழாங்கல் நெளிந்தது. எதைப் பார்த்தாலும் "பரவாயில்லை" என்று மட்டுமே சொல்லும் கேஷியர் அம்மா, "அம்மாடி!" என்று கன்னத்தில் கை வைத்துக்கொண்டாள்.

ஓவியருக்கே உடம்பு சிலிர்த்தது. தான் வரைந்ததுதான், தினமும் பார்த்ததுதான். ஆனாலும் கண் நிறைந்துவிட்டது.

"பார்த்தீங்களா சார்? இதான் பன்னிரண்டு! இதைப் போய்ப் பதினொண்ணுல ஓட்டணும்னா..."

மேனேஜர் திரையின் மூலையைச் சுட்டிக்காட்டினார். பொடி எழுத்தில் 'டைரக்ட்எக்ஸ் 11' என்று இருந்தது.

அவள் எழுந்து திரைக்குக் கிட்டே போனாள். நுரையைத் தொட்டே பார்த்தாள்.

"எப்படிங்க இது?"

பழசுக்குக் கூச்சமாகிவிட்டது. "பழைய கார்டுக்கு வெளிச்சத்தைக் கணக்குப் போடற தெம்பு கிடையாது. அதான், உங்க கடலைப் பன்னிரண்டுல ஓடவிட்டு, வெளிச்சம் விழ விழப் படமா எடுத்து, அலை அலையா மேல ஒட்டிட்டேன். வெயில் உங்களோடதுதான். நான் சும்மா எடுத்து வெச்சேன்."

சும்மாவா! அத்தனை அலைகளை! அவளுக்கு மலைப்பாக இருந்தது. கூடவே வெட்கமும் பிடுங்கித் தின்றது. இருந்தாலும் விட்டுக்கொடுக்காமல், "நல்லாதான் இருக்கு" என்றாள்.

கையிலிருந்த போன் அதிர்ந்தது. அம்மா. வழக்கமாக வேலை நேரத்தில் அம்மாவின் போனை எடுக்கமாட்டாள். கண்ணைத் துடைத்துக்கொள்ளவும் ஒரு சாக்கு வேண்டியிருந்ததால் எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"கடல் வந்துடுச்சுடி!" அம்மா கத்தினாள். "நீ படிக்கறப்ப வெச்சிருந்தியே, என் தையல் மிஷினுக்குப் பக்கத்துல கெடக்கே, அந்தக் கம்ப்யூட்டர்லதான்! எவ்ளோ பெரிசு! ஜாக்கெட் வாங்க வந்தவங்ககூட வாங்கிட்டுப் போகாம நின்னு பார்க்கறாங்க."

"அம்மா... நீ கேம் ஆடறியா?"

"எனக்கு ஆடவா தெரியும்? கரையில நின்னு பார்த்துக்கிட்டே இருக்கேன். முன்னாடி கறுப்பாவே தெரிஞ்சுது. என் பொண்ணு வரைஞ்ச கடல் எப்படிக் கறுப்பா இருக்கும்னு உங்க கம்பெனிக்கு எழுதிப் போட்டேன். ஆபீஸ்லேருந்து ஒரு தம்பி, புதுசு புதுசா அனுப்பி, 'இப்பத் தெரியுதாம்மா, இப்பத் தெரியுதாம்மா'ன்னு போன்லயே கேட்டுக்கிட்டிருந்துச்சு."

கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் பழசு குனிந்து ஒயரைச் சுருட்டிக்கொண்டிருந்தார்.

"என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேம்மா..."

"உனக்கு எங்கடி நேரம்? நீ சொல்லாட்டி என்ன, அந்தத் தம்பி எல்லாத்தையும் சொல்லிடுச்சு." அம்மா மூக்கை உறிஞ்சினாள். "'எங்கம்மா பார்க்காம இந்தக் கடல் வெளியே போகக் கூடாது'ன்னு ஆபீஸ்ல ஒத்தக் கால்ல நின்னது நீதானாமே!"