வயலின்காரனின் தலைமுடி

"அம்மா கேட்டா நீ வயலின் வாசிக்கிறவன். மறந்துடாதே!" எல்மரைத் தோட்டக் கதவருகிலேயே நிறுத்திக் கிசுகிசுத்தாள் லோட்டி.

"வயலினா? நான் அதைத் தொட்டதுகூட இல்லையே!"

"பின்னே, தோள்வரைக்கும் தொங்குற இந்த முடிக்கு என்ன காரணம் சொல்றதாம்? ஃபுட்பால்ல மண்டை உடையாம இருக்கணும்னு டீமே சேர்ந்து முடி வளர்க்குதுன்னா? அம்மாவோட சின்ன வயசுல மாமாவுக்கு அந்த ஆட்டத்துல கால் போனதுலேர்ந்து, ஃபுட்பால்காரன் நிழல்கூட இந்த வீட்டுப் படி ஏறக் கூடாது அம்மாவுக்கு. உண்மை தெரிஞ்சா என்னை நீ மறந்துட வேண்டியதுதான்."

அந்த 1908-ஆம் வருடம் எல்மரின் கல்லூரி அணி, ஆளோடு ஆள் மோதி விழும் அமெரிக்க ஃபுட்பாலில் ஓர் ஆட்டத்தில்கூடத் தோற்கவில்லை. வரும் வியாழக்கிழமை, நன்றி நாள் விடுமுறையன்று, கடைசி ஆட்டம். ஓஹையோ மாநிலம் முழுக்க அதே பேச்சு. மலைபோல் வந்து மோதுகிறவர்களுக்கெல்லாம் அஞ்சாதவனுக்கு, லோட்டி வீட்டுச் சாப்பாட்டு மேஜையை நினைத்ததும் வியர்த்தது.

உள்ளே லோட்டியின் அம்மா மார்த்தா, அவன் தட்டில் வாத்துக்கறியை அள்ளி வைத்தாள்.

"முடியைப் பார்த்தாலே தெரியுது, கலைஞன்னு! கல்யாணத்துக்கு முன்னாடி இவருக்கும் இப்படித்தான் இருக்கும். அதைப் பார்த்துத்தானே நான் மயங்கினேன்."

"இப்போ வழுக்கை விழுந்துட்டா அதுக்கு நான் என்னம்மா பண்ணுவேன்?" என்றார் லோட்டியின் அப்பா, லத்தீன் பேராசிரியர் ஹாவர்காம்ப்.

"தங்கமான மனுஷன், தம்பி. பேப்பர்ல ஃபுட்பால் பக்கத்தைப் பார்த்தா எனக்கு ரத்தம் கொதிக்கும்னு, விடியும்போதே அதைக் கிழிச்சு அடுப்புக்குன்னு எடுத்துட்டுப் போயிடுவார். அதோ பாரு, அலமாரி மேல, அவரோட வயலின். பாவம், நிச்சயத்துக்கு முந்தின வாரம் விரல் சுளுக்கினதுதான், அப்புறம் வாசிக்கவே முடியலை. ஆனா பெட்டியை வேற யாரும் தொடக் கூடாது. அவரேதான் துடைப்பார்." மார்த்தா முகம் மலர்ந்தாள். "இன்னிக்கு நீ அதுல வாசிக்கணும் தம்பி!"

லோட்டியின் கரண்டி தட்டில் விழுந்தது.

எல்மர் கட்டுப் போட்டிருந்த வலது கையைத் தூக்கிக் காட்டினான். சனிக்கிழமை ஆட்டத்தில் நிஜமாகவே பிசகிய விரல். "சுளுக்கும்மா..."

"அடடா! எப்படி?"

"அது... வில்லைக் கொஞ்சம் வேகமா இழுத்துட்டேன்."

பேராசிரியருக்குப் புரையேறியது. ஒரு தம்ளர் தண்ணீரை முழுதாகக் குடித்த பிறகுதான் பேச்சு வந்தது.

"விடு மார்த்தா. வேகமான பாட்டுன்னா அப்படித்தான் ஆகும். நீ என் அறைக்கு வாப்பா, கட்டை மாத்திப் போடறேன்."

போகிற போக்கில் அலமாரி மேலிருந்த பெட்டியையும் எடுத்துக்கொண்டார்.

'தொலைந்தோம்' என்று லோட்டியைப் பார்த்தான் எல்மர். அவள் கண்களில் நீர் முட்டிக்கொண்டிருந்தது.

அறைக் கதவைத் தாழிட்டார் பேராசிரியர். அதற்குமேல் எல்மரால் அடக்க முடியவில்லை.

"சார், மன்னிச்சுடுங்க. நான் சொன்னது பொய். ஆனா லோட்டி மேல வெச்சிருக்கிற அன்பு பொய்யில்லை. அவளுக்காக வியாழக்கிழமை ஆட்டத்தோட எல்லாத்தையும் விட்டுடச் சொன்னாலும்..."

"உஷ்! சத்தம் போடாதே. வியாழக்கிழமை நீ இல்லாம அவனுங்களை யாரு மடக்குறது?"

பேராசிரியர் வயலின் பெட்டியைத் திறந்தார்.

உள்ளே வயலின் இல்லை. காற்றிறங்கிச் சுருங்கிப்போன பழைய ஃபுட்பால் ஒன்று, பட்டுத் துணியில் கைக்குழந்தைபோலப் படுத்திருந்தது. அதன் அடியில், அடுப்புக்குப் போகாத பேப்பர் பக்கங்கள். மேலே இருந்ததில் எல்மரின் படம்.

"தைரியமாப் பொண்ணு கேளு. மார்த்தாவுக்கு வயலின்காரன்னா உயிர்" என்று அவன் தோளில் தட்டினார் பேராசிரியர். "ஒண்ணே ஒண்ணுதான். அந்த விரல் மட்டும் ஆயுசுக்கும் குணமாகக் கூடாது. எனக்கு இன்னும் ஆகலை, பாரு!" என்று அந்த விரலாலேயே பளிச்சென்று ஒரு சொடக்குப் போட்டார்.