ஒத்திகையில் சொல்லாத வரி

திரை விழ இன்னும் இரண்டு நிமிடம்தான்.

மேடையோரக் கறுப்புத் துணி மறைவில், தபால்காரர் உடுப்பில், கழுத்தில் மஃப்ளரோடு நின்றிருந்தார் கிளிஃபர்ட் ஆட்லி. அறுபத்தெட்டு வயதுக்காரருக்குக் கால் தரையில் நிற்கவில்லை.

நாற்பத்தோரு வருஷமாக மேடையில் போலீஸ்காரர், பாதிரியார், மூன்றாம் காட்சியிலேயே கொலையாகிறவர் என்று ஓட்டியாயிற்று. பிராட்ஃபோர்டு கடைத்தெருவில் யாராவது நிறுத்தி, "உங்களை எங்கயோ பாத்திருக்கேனே, எங்க வீட்டுக் குழாய் ரிப்பேருக்கு வந்தீங்களோ?" என்பார்கள். அவருடைய புகழ் அவ்வளவுதான்.

இன்று புது நாடகத்தின் அரங்கேற்றம். அவருக்கு ஒரே ஒரு வரி. ஆனால் நாடகத்தின் கடைசி வரியே அதுதான்! அவர் சொன்னால்தான் திரை விழும்.

நாடகத்தின் கடைசி வரியை ஒத்திகையில் சொல்லக்கூடாது என்பது பழைய நம்பிக்கை. சொன்னால் நாடகம் விளங்காது. அதனால் நாலு வாரமும் அந்த இடம் வந்ததும் கிளிஃபர்ட் தொப்பியைக் கழற்றிச் சிரிப்பார், எல்லோரும் டீ குடிக்கப் போய்விடுவார்கள். மற்ற நேரத்திலும் தலையாட்டலோடு சரி. பெரியவர் குரலைச் சேமிக்கிறார் என்று குழுவில் கேலி.

"ஒத்தை வரி பெரியவரே, சொதப்பிடாதீங்க!" மேடை நிர்வாகி மோரீன் முதுகில் தட்டினாள்.

கண்ணடித்துவிட்டு உள்ளே நுழைந்தார்.

அறுநூறு முகங்கள். ஆறாவது வரிசையில் மனைவி பெரில், கைப்பையை நெஞ்சோடு இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

போருக்குப் போன மகனின் கடிதத்துக்காக மூன்று அங்கமும் காத்திருந்த தாய் கதவைத் திறந்தாள். "கடுதாசி வந்திருக்கா?"

கிளிஃபர்ட் வாயைத் திறந்தார்.

ஒன்றும் வரவில்லை.

அரங்கில் இருமல் சத்தம்கூட இல்லை. தாயாக நடித்த இமோஜெனின் கண்கள் விரிந்தன.

"கடுதாசி இல்லீங்கம்மா," என்றார் கிளிஃபர்ட், கடைசி வரிசைக்கும் கேட்கும்படி. "ஆளே வந்திருக்காரு."

திரை விழுந்தது. கைதட்டல் கூரையைப் பிய்த்தது.

இமோஜென் ஓடிவந்து கட்டிக்கொண்டாள். "யப்பா, என்னா ஒரு இடைவெளி விட்டீங்க! எனக்கே மூச்சு நின்னுடுச்சு. எங்க கத்துக்கிட்டீங்க இதெல்லாம்?"

அவர் வழக்கம்போலச் சிரித்தார். மஃப்ளர் நழுவியது, அவசரமாக இழுத்து, தொண்டையில் இருந்த தையல் தழும்பை மூடிக்கொண்டார்.

வணக்கம் சொல்லத் திரை மறுபடி ஏறியது. சபை முழுக்க எழுந்து நின்று தட்டியது. பெரில் மட்டும் எழவில்லை. அழுதுகொண்டும் சிரித்துக்கொண்டும் உட்கார்ந்திருந்தாள். மடியில் கைப்பை திறந்து கிடந்தது. எட்டு மாதமாகச் சொல்ல வேண்டியதையெல்லாம் அவர் அவளுக்கு எழுதிக் காட்டும் குட்டி நோட்டு அதற்குள் இருந்தது.

இன்று காலை எழுதியது கடைசிப் பக்கத்தில்:

"வாயைத் திறந்தா இன்னும் காத்துதான் வருது, பெரில். இருந்தாலும் நீ வந்து உக்காரு."