கொழுப்பு

"கட்டுனவன் கண்ணு மஞ்சப் பூத்துக் கெடக்குது. இவ ஷூவை மாட்டிட்டுக் கெளம்பிட்டா பாரு!"

மயிலாத்தாள் முணுமுணுக்கவில்லை. தெருவுக்கே கேட்கிற மாதிரிதான் சொன்னாள். மருமகள் சண்முகப்பிரியாவுக்குக் கேட்காமல் இருக்குமா? அவள் ஷூ நாடாவை இன்னும் இறுக்கிக் கட்டிக்கொண்டு, "நடந்துட்டு வந்தர்றேனுங்க அத்தை" என்று படியிறங்கிப் போய்விட்டாள்.

பெரியநாயக்கன்பாளையத்தில் லேத் பட்டறை வைத்திருக்கும் கதிர்வேல், மயிலாத்தாளுக்கு ஒரே மகன். ஒரு சொட்டுக் குடித்ததில்லை. எப்போதோ வந்த காமாலைக் கிருமி உள்ளேயே ஒளிந்திருந்து ஈரலைச் சுருக்கிப்போட்டது.

டாக்டர் அழகிரிசாமி படம் போட்டே விளக்கியிருந்தார். வாய், தொண்டை, இரைப்பை, குடல் என்று மேலிருந்து கீழாக இழுத்துவிட்டு, பக்கத்தில் ஆப்பு மாதிரி ஒன்றை வரைந்தார்.

"சோறு இதுக்குள்ள போகாதுங்கம்மா. ஆனா, நெய்யும் எண்ணெயும் செரிக்கறதுக்குப் பித்தநீர் இங்கிருந்துதான் வரணும். குடல் உறிஞ்சுன சத்து ரத்தத்தோட நேரா இங்கதான் வரும். விஷத்தை முறிக்கறதும் இதுதான். ஈரல் போச்சுன்னா மத்ததெல்லாம் இருந்தும் பிரயோஜனமில்லீங்க. வேற ஈரல் வெச்சாத்தான் பையன் பொழைப்பாரு."

"என்னோடதை எடுத்துக்கங்க சாமி" என்றாள் மயிலாத்தாள்.

வயசு தாண்டிவிட்டது என்று சொல்லிவிட்டார்கள். பிரியாவை உள்ளே கூட்டிப்போய்ப் பரிசோதித்தார்கள். வெளியே வந்தவள், "என்னோடதும் ஆகாதுன்னுட்டாருங்க அத்தை" என்றாள். அவ்வளவுதான். அழுதாளா, புலம்பினாளா? ஒன்றுமில்லை.

மூளைச்சாவு ஆன யாருடைய ஈரலாவது கிடைத்தால் உண்டு என்று பதிந்துவைத்துவிட்டு வீடு திரும்பினார்கள். மறுநாளே பிரியாவின் கூத்து ஆரம்பித்துவிட்டது.

காலையில் நடை, சாயங்காலம் நடை. மழை பிடித்துக்கொண்டால் மொட்டைமாடிப் படியில் ஏறி ஏறி இறங்கினாள். வீட்டுக்கு எடை பார்க்கும் மெஷின் வேறு வந்தது. அரிசிம்பருப்புச் சோற்றில் நெய்யை ஊற்றி, "ஒரு வாய் சாப்புடு அம்மணி" என்று மயிலாத்தாள் நீட்டினால், "வேண்டாமுங்க அத்தை" என்று கீரைக் கிண்ணத்தை இழுத்துக்கொள்வாள்.

பங்காளி வீட்டுச் சீர் விருந்தில்தான் மானம் போனது. எல்லாரும் நெய் வழிகிற ஒப்புட்டைக் கேட்டு வாங்கித் தின்கையில், இவள் மட்டும் இலையைக் கையால் மறைத்துக்கொண்டாள்.

"ஆளே பாதியாயிட்டியே அம்மணி! எப்படி?" என்று கேட்டாள் பக்கத்து இலை ரங்கம்மாள்.

"நடக்கறேனுங்க" என்று பிரியா சிரித்தாள். சிரிப்பு வேறு!

கை கழுவும் இடத்தில் ரங்கம்மாள், மயிலாத்தாளின் காதைக் கடித்தாள். "உன்ற மருமக இப்பவே அடுத்த வாழ்க்கைக்குத் தன்னைத் தயார் பண்ணிக்கறா. பொழைக்கத் தெரிஞ்ச புள்ள."

அதற்குமேல் மயிலாத்தாள் அங்கே நிற்கவில்லை. வீட்டுக்கு வந்ததும் மகனிடம் கொட்டித் தீர்த்தாள்.

கதிர்வேல் கண்ணைக்கூடத் திறக்கவில்லை. "உடுங்கம்மா. நானில்லாட்டியும் அவளாச்சும் நல்லா இருக்கட்டும்."

பெற்றவளுக்கு எப்படி இருக்கும்? இன்றைக்கு இதற்கு ஒரு முடிவு கட்டாமல் விடுவதில்லை என்று, மறுநாள் காலை ஆஸ்பத்திரிக்குக் கிளம்பிய மருமகளை வழிமறித்தாள்.

"ரிப்போர்ட் வாங்கறதுதானுங்க அத்தை. நான் மட்டும் போயிட்டு வந்தர்றேன்."

"நானும் வாரேன்."

டாக்டர் அழகிரிசாமி ரிப்போர்ட்டைப் பிரித்து, வாயைத் திறப்பதற்குள் மயிலாத்தாள் முந்திக்கொண்டாள்.

"டாக்டருங்க, நீங்களே இவளுக்கு நல்ல வார்த்தை நாலு சொல்லுங்க. புருஷன் சாகக் கெடக்கறான். இவ பட்டினி கெடந்து மேனி மினுக்கிட்டுத் திரியறா. ஊரே சிரிக்குது. எல்லாம் கொழுப்புங்க! உள்ளுக்குள்ள அத்தனையும் கொழுப்பு!"

பிரியா தலையைக் குனிந்துகொண்டாள். ரிப்போர்ட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

டாக்டர் ஒருமுறை அவளைப் பார்த்தார். பிறகு மயிலாத்தாள் பக்கம் திரும்பினார்.

"நீங்க சொல்றது நெசந்தானுங்கம்மா. இவங்க ஈரல் பூராக் கொழுப்புதான் இருந்துச்சு. இந்த ஈரலை வெச்சு ஒண்ணும் பண்ண முடியாதுன்னு நாந்தான் திருப்பி அனுப்புனேன். 'கரைச்சுக் காட்டறேனுங்க. ஒருவேளை கரையலீன்னா ஊட்ல நம்பி ஏமாந்து போயிருவாங்க, அதுவரைக்கும் யார்கிட்டயும் சொல்லாதீங்க'ன்னு கேட்டுக்கிட்டாங்க."

அவர் ரிப்போர்ட்டை மயிலாத்தாளின் கையில் கொடுத்தார்.

"இப்பச் சுத்தமாக் கரைஞ்சிருச்சுங்க. இவங்க ஈரல்ல பாதியை வெட்டி உங்க பையனுக்கு வெச்சரலாம். அடுத்த வாரம் ரெண்டு பேரையும் அட்மிட் பண்ணிருங்கம்மா."