நெஞ்சில் வைத்த கை

"தற்கொலைதான் மேடம், சட்டுனு எழுதிக் குடுங்க. நகர்மன்றத் தலைவர் வெளிய உருகிட்டு இருக்காரு" என்றார் இன்ஸ்பெக்டர். பிரேதப் பரிசோதனை செய்யும் டாக்டர் செண்பகவல்லி அதைக் காதில் வாங்கவில்லை. கிணற்றிலிருந்து எடுத்த தலைவர் மனைவியின் வலக்கை இறுக மூடியிருந்தது. உயிர் போகிற கணத்தில் இறுகிய பிடி அது. செத்தபின் யாரும் அதற்குள் எதையும் திணித்திருக்க முடியாது. விரல் விரலாகப் பிரித்தாள். உள்ளே ஒரு தங்கப் பொத்தான், பிய்ந்த வெள்ளை நூலோடு.

வெளியே மைக்குகளுக்கு நடுவில், சட்டையின் தங்கப் பொத்தான்கள் மின்ன, நெஞ்சில் வலக்கையை வைத்தபடி தலைவர் கண்ணீர்ச் சொற்பொழிவு ஆற்றிக்கொண்டிருந்தார். "முந்தாநேத்து மாநாட்டுக்குப் போனவன், அப்புறம் அவ முகத்தையே பாக்கல. சேதி கேட்டு, போட்ட சட்டையோட ஓடியாந்தேன்!" வந்ததிலிருந்து அந்தக் கை இறங்கவேயில்லை. "பாவம், மனுசனுக்கு நெஞ்சு வெடிக்குது" என்றது கூட்டம்.

ஊரே மெச்சும் பழக்கம் ஒன்று தலைவருக்கு உண்டு. எதிர்க்கட்சிக்காரன் கும்பிட்டாலும் இரண்டு கையையும் கூப்பித் திருப்பிக் கும்பிட்டுவிடுவார். தேர்தலில் ஜெயித்துக்கொண்டிருப்பதே அதனால்தான்.

செண்பகவல்லி கூட்டத்தை விலக்கிக்கொண்டு போய் அவர் எதிரில் நின்றாள். இரண்டு கைகளையும் பவ்வியமாகக் கூப்பினாள்.

"வணக்கம் தலைவரே."

கேமராக்கள் அவர் பக்கம் திரும்பின. இடக்கை பழக்கத்தில் தானாக எழுந்து, ஜோடி தேடி, அந்தரத்தில் நின்றது.