இடிக்க வந்த அமீனா

"என் பொணத்து மேல ஏறித்தான் இந்தச் சுவத்தைத் தொடணும்" என்று சொல்லிவிட்டு, உச்சி வெயிலில் மல்லாந்து படுத்துக்கொண்டார் கணக்கு வாத்தியார்.

கோர்ட் அமீனா, கடப்பாறையோடு வந்த ஆட்களைக் கையமர்த்தினார். பக்கத்து வீட்டு மருந்துக்கடைக்காரர் நடந்து போகும் பாதையை மறித்து வாத்தியார் எழுப்பிய சுவரை, கோர்ட் உத்தரவுப்படி இடித்துத் தள்ளுவதுதான் அவருடைய வேலை. முதல் தடவை வந்தபோது வாத்தியாருக்கு இடுப்பு வலி. அடுத்த தடவை கேஸ் ஜெயித்தவருக்கே காய்ச்சல். இன்றைக்கும் வெறுங்கையோடு வந்து நின்றால் வேறு வேலை பார்த்துக்கொள்ளலாம் என்று நீதிபதி முகத்துக்கு நேராகச் சொல்லியிருந்தார்.

இப்படி ஒரு ஜென்மப் பகையை அமீனா தன் சர்வீஸில் பார்த்ததில்லை. வக்கீல்களே எட்டிப் பார்க்காத வாய்தாவுக்குக்கூட இவர்கள் இருவரும் சலவைச் சட்டை போட்டுக்கொண்டு காலையிலேயே கோர்ட்டில் ஆஜராகிவிடுவார்கள். எவ்வளவு வன்மம் இருந்தால் மனுஷன் இப்படி நடையாய் நடப்பான்.

ஜெயித்தவராவது கைகொடுப்பார் என்று மருந்துக்கடைக்காரரைத் தேடிப் போனார். கடையை மகனிடம் விட்டுவிட்டு வீட்டோடு இருக்கும் அவர், மனைவி எடுத்துக் கொடுத்த ஈரத் துணிகளைக் கொடியில் போட்டுக்கொண்டிருந்தார். விஷயத்தைச் சொன்னதும் அவர் முகம் தொங்கிப் போயிற்று. உத்தரவில் சுவரின் நீளம் தப்பாக இருக்கிறது, கோர்ட்டுக்கே திருப்பி அனுப்பிவிடலாம் என்றார். டேப் பிடித்து அளந்தார்கள், இம்மி பிசகவில்லை. வெயில் அதிகம், ஆட்களுக்கு மயக்கம் வந்துவிடும், அடுத்த மாதம் பார்க்கலாம் என்று இழுத்தார்.

"மசமசன்னு நிக்காம இடிக்கச் சொல்லுங்க. அப்படியே அந்தத் தலையணை உறையையும் காயப் போடுங்க" என்று உள்ளிருந்து மனைவியின் குரல் வந்தது. அவர் தலையணை உறையை எடுத்து உதறிக் கொடியில் போட்டார்.

வாத்தியாரைக் கிளப்பவும் போலீஸ் தேவைப்படவில்லை. வாசலுக்கு வந்த அவர் மனைவி, வெங்காயம் உரிக்கச் சொன்னால் இங்கே வந்து படுத்துக்கொள்வதா என்று கேட்ட மாத்திரத்தில், பிணம் எழுந்து சட்டையைத் தட்டிக்கொண்டு வீட்டுக்குள் போய்விட்டது.

கடப்பாறை இறங்கியது. சுவர் பொலபொலவென்று விழுந்தது. அமீனாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

கடைசியாக ஒரு சம்பிரதாயம் பாக்கி இருந்தது. ஜெயித்தவர் அந்தப் பாதையில் ஒரு தடவை நடந்து காட்ட வேண்டும். மருந்துக்கடைக்காரர் தூக்குமேடைக்குப் போகிறவர் மாதிரி நடந்தார். மறுகோடியில் வாத்தியார் கண்ணைக் கசக்கிக்கொண்டு நின்றார். வெங்காயமாக இருக்கும் என்று அமீனா நினைத்துக்கொண்டார்.

"அவ்வளவுதான், கேஸ் முடிஞ்சுது. இனிமே ரெண்டு பேரும் கோர்ட் வாசப்படியை மிதிக்கவே வேண்டாம்" என்றார் பெருமையாக.

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மருந்துக்கடைக்காரர் அமீனாவின் கையைப் பிடித்து ஓரமாக அழைத்துப் போனார். வாத்தியாரும் பின்னாலேயே வந்தார்.

"ஐயா, ஜெயிச்சவங்க அப்பீல் போக முடியுங்களா?"

அமீனாவுக்குத் தலை சுற்றியது. வேண்டியது கிடைத்த பிறகு எதற்கு அப்பீல் என்று கேட்டார்.

மருந்துக்கடைக்காரர் வாத்தியாரை முன்னால் தள்ளிவிட்டார். வாத்தியார் இரண்டு வீட்டு ஜன்னலையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திச் சொன்னார்:

"வாய்தா இல்லேன்னா, வீட்ல என்ன சொல்லிட்டு நாங்க ரெண்டு பேரும் மேட்னி ஷோ போறது?"