அப்புறம் சொல்றேன்

"நம்ம பாஷைக்காரன் இல்லாத ஒருத்தனுக்கு என் பொண்ணைக் கொடுக்க மாட்டேன். அவ்வளவுதான்!"

தையல்காரர் கத்தரிக்கோலைக் கீழே வைத்துவிட்டுத்தான் இதைச் சொன்னார். எவ்வளவு கோபம் வந்தாலும் முதலில் கத்தரிக்கோலை வைப்பார், பிறகுதான் பேச்சு. முப்பது வருடப் பழக்கம்.

"ஆறு மாசமா நம்ம பாஷையைக் கத்துக்கிட்டிருக்காருப்பா," என்றாள் இளைய மகள். "எனக்காக."

"கத்துக்கிட்டா ஆச்சா? உங்க அத்தையும் இப்படித்தான் வேற பாஷைக்காரங்க வீட்டுக்கு வாழப் போனா. அவ புருஷன் தங்கமான மனுஷன்தான், நான் இல்லேன்னு சொல்லல. ஆனா சாப்பிட உக்காந்தா பத்துப் பேரும் அவங்க பாஷையில பேசிச் சிரிப்பாங்க. இவ 'என்ன, என்ன'ன்னு கேட்பா. 'ஒண்ணுமில்ல, அப்புறம் சொல்றேன்'பாங்க. பதினெட்டு வருஷமாச்சு. அந்த அப்புறம் இன்னும் வரல!"

எல்லோரும் சிரித்து முடித்த பிறகு அத்தை தனியாகச் சிரிப்பதை மகளும் பார்த்திருக்கிறாள்.

காய் நறுக்கிக்கொண்டிருந்த மனைவி கத்தியை வைத்துவிட்டுப் பேச்சில் கலந்துகொண்டாள். "முதல்ல பையன் வரட்டும். பார்க்காமலேயே தீர்ப்புச் சொல்லாதீங்க. அப்படியே அந்த பல்பையும் மாத்துங்க. அது போய் மூணு நாளாச்சு."

உள் அறை வாசலுக்கு மேலிருந்த பல்பைத்தான் சொன்னாள்.

"நாளைக்கு," என்றார், மூன்றாவது நாளாக.

அவள் அலுத்துக்கொண்டே அறைக்குள் எட்டிப் பார்த்தாள். வேலைக்குப் போயிருக்கும் பெரிய மகளின் கைக்குழந்தை அசந்து தூங்கிக்கொண்டிருந்தது.

ஜன்னலோரம் நின்றிருந்த இளைய மகள் ஓடிப்போய்க் கதவைத் திறந்தாள். அவள் கட்டிக்கொள்ள ஆசைப்பட்ட எலக்ட்ரீஷியன் பையன் வந்துவிட்டான். தையல்காரர் அவனை ஏற இறங்கப் பார்த்தார். சட்டையின் தோள் அரை அங்குலம் இறங்கியிருந்தது. ரெடிமேட்! உட்காருவதற்கு முன்பே ஒரு மார்க் போயிற்று.

"உங்க வீட்ல எங்க பாஷை யாருக்குத் தெரியும்?" எடுத்த எடுப்பிலேயே விஷயத்துக்கு வந்தார்.

"யாருக்கும் தெரியாது மாமா." இருட்டில் படியிறங்குகிறவனைப் போல ஒவ்வொரு வார்த்தையாக வைத்து வைத்துப் பேசினான். "அம்மா மட்டும் நாலஞ்சு வார்த்தை கத்துக்கிட்டாங்க. வா, உக்காரு, சாப்பிட்டியா..."

"நாலு வார்த்தையை வெச்சுக்கிட்டு என் பொண்ணு எத்தனை நாள் குடும்பம் நடத்துவா? எங்களுக்கு ஒரு சங்கம் இருக்கு. வாரா வாரம் கூடுவோம். பேச ஆரம்பிச்சா வீட்டுக்குப் போக மனசே வராது. அங்க வந்து நீ என்ன பண்ணுவே? சுவரைப் பார்த்துக்கிட்டு நிப்பியா?"

அவன் சட்டென்று முகத்தை வேறு பக்கம் திருப்பினான். பிறகு சுதாரித்துக்கொண்டு, "கத்துக்குவேன் மாமா," என்றான்.

தையல்காரர் பொறுத்துக்கொண்டார். தங்கையின் கதையை அவனுக்கும் சொல்ல ஆரம்பித்தார். பாதியில் மறுபடியும் அவன் முகம் திரும்பியது.

"இந்தா தம்பி," என்று மேசையைத் தட்டினார். "ஒருத்தர் பேசும்போது முகத்தைத் திருப்பிக்கிட்டா எங்க ஆளுங்ககிட்ட என்ன அர்த்தம் தெரியுமா? 'நீ பேசவே வேண்டாம்'னு சொல்றதுக்குச் சமம். அதைவிடப் பெரிய அவமானம் எங்களுக்குக் கிடையாது."

"மன்னிச்சுடுங்க மாமா. வந்து..."

"பாஷை தெரிஞ்சா மட்டும் போதாது. அதோட மரியாதையும் தெரியணும். நீ நல்லவனாவே இரு. ஆனா என் பொண்ணு பந்தியில உக்காந்து..."

அவர் முடிக்கவில்லை. அவன் எழுந்து, மூன்று பேரையும் அப்படியே விட்டுவிட்டு, விறுவிறுவென்று உள் அறைக்குள் போய்விட்டான்.

"பார்த்தியா?" தையல்காரர் மகளிடம் திரும்பினார். முகம் கடுகடுத்தது. "நான் பேசிக்கிட்டே இருக்கேன், எழுந்து போறான். இவனைத்தான் கட்டிக்குவேன்னு ஒத்தைக் கால்ல நிக்கிறே!"

மகளுக்குக் கண் கலங்கிவிட்டது. காரியம் கெட்டது என்று மனைவியும் தலையில் கை வைத்துக்கொண்டாள்.

அவன் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தான். அதன் முகம் செக்கச்செவேலென்று சிவந்து, கன்னமெல்லாம் நனைந்திருந்தது. தேம்பித் தேம்பி உடம்பு குலுங்கியது. இரண்டு கையிலும் குழந்தை இருந்ததால் அவனால் ஒரு வார்த்தைகூடப் பேச முடியவில்லை. நேராக வந்து தையல்காரரின் மடியில் அதைக் கொடுத்தான். கை காலியான பிறகுதான் பேசினான்.

"அப்பவே அழ ஆரம்பிச்சுட்டா மாமா. விட்டு விட்டு அழுதா. நீங்க பேசும்போது எழுந்திருக்கக் கூடாதேன்னு பொறுத்துப் பார்த்தேன். மனசு கேக்கல."

தையல்காரர் நிமிர்ந்து அந்த பல்பைப் பார்த்தார். குழந்தை அழுதால் பளிச்சென்று எரிந்து, காது கேட்காத அந்த வீட்டாருக்குத் தகவல் சொல்லவென்று மாட்டிய பல்பு அது.

பேத்தியைத் தோளில் சாய்த்துக்கொண்டு, மிச்சமிருந்த ஒற்றைக் கையாலேயே அவனிடம் பேசினார்: "உக்காரு மாப்பிள்ளை. இந்த வீட்ல நாங்க சிரிக்கும்போது உனக்குப் புரியலேன்னா உடனே கேளு. 'அப்புறம் சொல்றேன்'னு இங்க யாரும் சொல்ல மாட்டோம்."